‘இலாபமற்ற பாதை’ என்னும் கருத்தாக்கம்: பீச்சிங் அறிக்கை (1963) குறித்த ஒரு திறனாய்வு

ஆய்வுச் சுருக்கம்

பிரிட்டிஷ் ரயில்வே வாரியத்தின் தலைவராக இருந்த ரிச்சர்டு பீச்சிங்கின் ‘பிரிட்டிஷ் ரயில்வேயின் மறுசீரமைப்பு’ என்னும் அறிக்கை 1963 மார்ச் 27ஆம் நாள் வெளியானது. ஏறத்தாழ 18,000 மைல் நீளமுள்ள நாட்டின் இருப்புப்பாதை வலையமைப்பில் சுமார் 6,000 மைல் பாதையையும் 2,363 நிலையங்களையும் மூட அது பரிந்துரைத்தது. இவ்வறிக்கை பற்றிய பெரும்பாலான விவாதங்கள் பீச்சிங் என்னும் தனிமனிதரையோ, மூடப்பட்ட பாதைகள் மீதான ஏக்கத்தையோ மையமாகக் கொண்டவை. இக்கட்டுரை அறிக்கையை ஒரு பனுவலாக வாசிக்கிறது. ‘இலாபமற்றது’ என்பது ஒரு பாதையின் இயல்பாக அன்றி, கணக்கிடுவதற்குத் தேர்ந்துகொள்ளப்பட்ட அலகின் விளைவாக அவ்வறிக்கையில் உருவாகிறது என்பதும், அவ்வலகு அறிக்கைக்குள்ளேயே இடத்துக்கு இடம் மாறுகிறது என்பதும் இங்கு நிறுவப்படுகின்றன.

திறவுச்சொற்கள்: பீச்சிங் அறிக்கை, கிளைப்பாதை, இலாபம், வலையமைப்பு, சமூகப் பயன், பொதுப் போக்குவரத்து.

1. முன்னுரை

அரசின் அறிக்கைகள் இலக்கியப் பனுவல்கள் அல்ல. எனினும் அவையும் சொற்களைத் தேர்கின்றன, சான்றுகளை வரிசைப்படுத்துகின்றன, சிலவற்றை முன்னிறுத்திச் சிலவற்றைப் பின்னுக்குத் தள்ளுகின்றன. அவ்வகையில் அவை திறனாய்வுக்கு உரியவை. அவற்றின் ஒரு சொல் ஓர் ஊரின் வாழ்வை மாற்றிவிடக்கூடும் என்பதால் அத்திறனாய்வு தேவையும் ஆகிறது.

பீச்சிங் அறிக்கையை அணுகியோர் பொதுவாக இரு தரப்பினராவர். முதல் தரப்பினர் அதனை ஒரு சதியின் விளைவாகக் காண்பர். அன்றைய போக்குவரத்து அமைச்சர் எர்னஸ்ட் மார்பிள்ஸ் சாலைக் கட்டுமான நிறுவனம் ஒன்றை நிறுவியவர்களுள் ஒருவர் என்பது இத்தரப்பின் முதன்மைச் சான்று. இரண்டாம் தரப்பினர், ஆளின்றி ஓடிய வண்டிகளை நிறுத்தியதில் பிழை ஏதுமில்லை என்பர். நோக்கம் தீயதாயின் கணக்கும் பொய்யாகவே இருக்கும் என முதல் தரப்பு கொள்கிறது. கணக்கு எண்களால் ஆனதாகையால் அது மெய்யாகவே இருக்கும் என இரண்டாம் தரப்பு கொள்கிறது. கணக்கு எவ்வாறு செய்யப்பட்டது என்னும் வினாவை இருதரப்பும் போதிய அளவு எழுப்புவதில்லை. அவ்வினாவே இக்கட்டுரையின் பொருள்.

2. அறிக்கையின் பின்புலம்

1948இல் நாட்டுடைமையாக்கப்பட்ட பிரிட்டனின் ரயில்வே, 1950களின் நடுப்பகுதி முதல் இயக்கச் செலவையே ஈட்ட இயலாத நிலைக்குச் சென்றது. நிலைமையைச் சீர்செய்ய 1955இல் 1,240 மில்லியன் பவுண்டு மதிப்பிலான நவீனமயமாக்கல் திட்டம் அறிவிக்கப்பட்டது. நீராவி எஞ்சின்களுக்கு மாற்றாக டீசல், மின்சார எஞ்சின்கள் வந்தன. ஆயினும் நட்டம் குறையவில்லை. 1960இல் 68 மில்லியன் பவுண்டாக இருந்த இயக்க நட்டம் 1961இல் 87 மில்லியனாகவும் 1962இல் 104 மில்லியனாகவும் உயர்ந்தது.

இச்சூழலில் 1961 ஜூன் மாதம் பீச்சிங் பிரிட்டிஷ் போக்குவரத்து ஆணையத்தின் தலைவரானார். அவர் இயற்பியலில் முனைவர் பட்டம் பெற்றவர், ஐ.சி.ஐ. என்னும் வேதிப்பொருள் நிறுவனத்தின் தொழில்நுட்ப இயக்குநராகப் பணியாற்றியவர். 1962ஆம் ஆண்டின் போக்குவரத்துச் சட்டம் ஆணையத்தைக் கலைத்து, ரயில்வேக்குத் தனி வாரியம் அமைத்தது. ஆண்டுகளைச் சேர்த்துப் பார்க்கையில் வாரியத்தின் வரவு அதன் செலவை ஈடுசெய்ய வேண்டும் என்னும் கடமையையும் அச்சட்டம் விதித்தது.

இங்கு ஒன்று கருதத்தக்கது. சட்டம் கேட்டது வாரியத்தின் மொத்தக் கணக்கை. ஒவ்வொரு பாதையும் தன் செலவைத் தானே ஈட்ட வேண்டும் என்று அது கூறவில்லை. மொத்தக் கணக்கை நேர்செய்யும் வழியாகத் தனித்தனிப் பாதைகளின் கணக்கைப் பிரித்தெடுத்தது அறிக்கை மேற்கொண்ட முறையாகும்.

பாதை மூடல் பீச்சிங்கோடு தொடங்கியதும் அன்று. 1948க்கும் 1962க்கும் இடையிலேயே 3,000 மைலுக்கு மேற்பட்ட பாதை மூடப்பட்டிருந்தது. அதுவரை பாதைகள் ஒவ்வொன்றாக, வட்டார அளவிலான முடிவுகளாக மூடப்பட்டன. பீச்சிங் அறிக்கையே நாடு முழுமைக்கும் ஒரே அளவுகோலை முன்வைத்து, மூடலை ஒரு கொள்கையாக்கியது.

3. அறிக்கையின் அமைப்பும் சான்றும்

அறிக்கை இரு பகுதிகளால் ஆனது. முதற்பகுதி உரையும் பின்னிணைப்புகளும். இரண்டாம் பகுதி வரைபடங்கள். 1961 ஏப்ரல் 23ஆம் நாள் முடிவுற்ற வாரத்தில் நாடெங்கும் எடுக்கப்பட்ட போக்குவரத்துக் கணக்கெடுப்பு அதன் அடிப்படைச் சான்றுகளுள் ஒன்று. மொத்தப் பாதை நீளத்தில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு, பயணிகள் போக்குவரத்தில் 1 விழுக்காட்டை மட்டுமே சுமந்தது. நிலையங்களில் சரிபாதி, பயணிகள் வருவாயில் 2 விழுக்காட்டை மட்டுமே ஈட்டியது. இவ்விரு முடிவுகளே பின்னாளில் மிகுதியாக எடுத்தாளப்பட்டவை. வரைபடத்தில் அடர்ந்த போக்குவரத்து தடித்த கோடாகவும் அருகிய போக்குவரத்து மெல்லிய கோடாகவும் வரையப்பட்டன. உரையைப் படிக்காதவரும் வரைபடத்தைப் பார்த்த அளவிலேயே எவை நீக்கத்தக்கவை என்னும் முடிவுக்கு வந்துவிட முடியும்.

இச்சான்றின் நேர்மையை மறுப்பதற்கில்லை. ஒரு பொதுத்துறை நிறுவனம் தன் போக்குவரத்தை இவ்வளவு விரிவாக வெளியிட்டது பாராட்டத்தக்கதே. எனினும் ஓர் எண் மெய்யாக இருப்பதும், அவ்வெண் நம் வினாவுக்கு விடையாக இருப்பதும் வெவ்வேறானவை. நிலைய வருவாய் என்பது அந்நிலையத்தில் விற்கப்பட்ட பயணச்சீட்டுகளின் தொகை. ஒரு கடற்கரை ஊருக்குக் கோடையில் வருவோர் தத்தம் ஊரிலேயே சென்றுதிரும்பும் சீட்டை வாங்கிவிடுகின்றனர். அவ்வருவாய் புறப்பட்ட நகரத்தின் கணக்கில் சேர்கிறது. சென்றடையும் ஊர், ஆயிரக்கணக்கானோர் வந்து சென்ற பின்னரும், வருவாய் குன்றிய நிலையமாகவே வரைபடத்தில் தோன்றும்.

கோடைப் போக்குவரத்து குறித்து அறிக்கையிடம் ஒரு விடை உண்டு. ஏறத்தாழ 6,000 பயணிகள் பெட்டிகள் ஆண்டில் 18 முறைக்கு மேல் பயன்படவில்லை என்றும், அவற்றைப் பேணவே ஆண்டுதோறும் 3 மில்லியன் பவுண்டுக்கு மேல் செலவாகிறது என்றும் அது எடுத்துக்காட்டியது. இது வலுவான வாதமே. ஆனால் அது பருவகாலக் கூடுதல் பெட்டிகளுக்கு எதிரான வாதம். ஆண்டு முழுதும் இயங்கும் பாதைக்கு எதிரானது அன்று. இவ்விரண்டும் ஒரே முடிவை நோக்கி அடுக்கப்படுகையில் வாசகர் அவற்றின் வேறுபாட்டைக் கவனிப்பதில்லை.

பின்னிணைப்புகளில் மூடப்படவேண்டிய நிலையங்களின் பெயர்கள் பட்டியலாக அடுக்கப்பட்டன. அதே 1963ஆம் ஆண்டில் ஃபிளாண்டர்ஸ்–ஸ்வான் என்னும் இசை இணையர் அத்தகைய நிலையப் பெயர்களைத் தொடுத்து ‘ஸ்லோ டிரெய்ன்’ என்னும் பாடலை உருவாக்கினர். நிருவாகப் பட்டியலாக இருந்தது இரங்கற்பாட்டாக மாறியது. தமிழ் மரபு கையறுநிலை எனச் சுட்டும் துறையின் சாயலை இதில் காணலாம். ஆயினும் கையறுநிலை இழப்பை உணர்த்துமேயன்றி இழப்புக்குக் காரணமான கணக்கை ஆராயாது. ஏக்கத்தின் வழியாக மட்டும் அறிக்கையை எதிர்கொண்டவர்கள், எண்களின் களத்தைப் பீச்சிங்குக்கே விட்டுக்கொடுத்தனர் எனலாம்.

4. கிளைப்பாதைக் கணக்கு: கிளெனீகிள்ஸ்–கிரீஃப்–காம்ரி

பயணிகள் சேவைகளை நிறுத்துவதற்கான எடுத்துக்காட்டாக அறிக்கை சில பாதைகளின் கணக்கை விரித்துக் காட்டுகிறது. அவற்றுள் ஒன்று ஸ்காட்லாந்தின் கிளெனீகிள்ஸ்–கிரீஃப்–காம்ரி பாதை. நாளொன்றுக்குப் பத்து வண்டிகள். வண்டி ஒன்றில் சராசரியாக ஐந்து பயணிகள். பாதையின் ஆண்டு வருவாய் சுமார் 1,900 பவுண்டு. வண்டி ஓட்டும் செலவு 7,500 பவுண்டு. நிலையச் செலவைச் சேர்த்தால் ஏறத்தாழ 11,000. இருப்புப்பாதை, சைகை ஆகியவற்றின் செலவு 8,200. ஆக மொத்தச் செலவு வருவாயைப் போல் ஏறத்தாழ பத்து மடங்கு.

இத்துடன் கணக்கு முடிந்திருந்தால் விவாதத்துக்கு இடமில்லை. ஆனால் அறிக்கையே மேலும் ஒரு செய்தியைத் தருகிறது. இப்பாதையில் ஏறி, கிளெனீகிள்ஸில் மாறி, பிற பாதைகளில் பயணத்தைத் தொடர்வோர் வலையமைப்பின் ஏனைய சேவைகளுக்கு 12,000 பவுண்டுக்கு மேல் ஈட்டித் தருகின்றனர். பாதை மூடப்பட்டால் அதில் 9,000 பவுண்டு இழக்கப்படும் என்பதும் அறிக்கையின் மதிப்பீடே. ஆகவே கிளைப்பாதைகள் தலைமைப்பாதைக்கு அளித்த வருவாயைப் பீச்சிங் கருதவே இல்லை என்னும் பரவலான குற்றச்சாட்டு சரியன்று. அவர் அதனைக் கருதினார். எவ்விடத்தில், எவ்வாறு கருதினார் என்பதே ஆராயத்தக்கது.

அறிக்கை முதலில் 1,900 பவுண்டை மொத்தச் செலவோடு ஒப்பிட்டுப் பத்து மடங்கு என்னும் விகிதத்தை வாசகர் மனத்தில் பதிக்கிறது. பிற சேவைகளுக்குச் சேரும் வருவாய் அதன் பின்னரே, மூடலால் கிடைக்கும் நிகர இலாபத்திலிருந்து கழிக்கவேண்டிய ஒரு சிறு திருத்தமாக நுழைகிறது. வரிசையை மாற்றிப் பார்த்தால் சித்திரம் வேறாகிறது. இப்பாதையால் வலையமைப்புக்கு வந்த வரவு ஏறத்தாழ 14,000 பவுண்டு. செலவு ஏறத்தாழ 19,000. செலவில் பத்தில் ஒரு பங்கை மட்டுமே ஈட்டிய பாதை, இப்பொழுது பத்தில் ஏழு பங்கை ஈட்டும் பாதையாகத் தெரிகிறது. தொடர்பயணிகளைச் சுமக்கத் தலைமைப்பாதைக்கும் சிறிது செலவு உண்டாகையால் இவ்விகிதம் ஓரளவு குறையலாம். அப்பொழுதும் பாதை நட்டத்தில்தான் இயங்குகிறது. ஆனால் 17,000 பவுண்டு நட்டம் என்பதற்கும் 5,000 அல்லது 6,000 பவுண்டு நட்டம் என்பதற்கும் உரிய மறுமொழிகள் வேறு. முன்னது மூடலை நோக்கி இட்டுச்செல்லும். பின்னது செலவைக் குறைக்கும் வழி உண்டா என்னும் வினாவை எழுப்பும்.

ஏரிக்கு நீர் கொணரும் வரத்துக்கால் தன் கரையில் எத்தனை வயலுக்குப் பாய்ந்தது என்று யாரும் கணக்கெடுப்பதில்லை. அதன் பயன் ஏரியில் தெரிகிறது. கிளைப்பாதையும் அத்தகையதே. வரத்துக்கால்களை ஒவ்வொன்றாகத் தூர்க்கையில், ஒவ்வொரு முறையும் ஏரி இழக்கும் நீர் சிறிதாகவே தோன்றும். அறிக்கையின் கணக்கும் ஒவ்வொரு பாதையும் தனியே மூடப்படுவதாகக் கொண்டே செய்யப்பட்டது. நூற்றுக்கணக்கான கிளைகள் ஒருசேர மூடப்படும்பொழுது தலைமைப்பாதையின் வருவாய் என்னாகும் என்பது தனிப்பாதைக் கணக்கில் இடம்பெறாத வினா.

செலவைக் குறைக்கும் வழி இருந்ததா? கிரீஃப் பாதையில் 1958 முதலே சிறிய ரயில்பேருந்து இயக்கப்பட்டது. அது மட்டும் போதவில்லை. நிலையப் பணியாளர், சைகை, தண்டவாளம் ஆகியவற்றின் செலவு அப்படியே இருந்தது. ஆனால் அச்செலவுகளும் மாறாதவை அல்ல என்பதைக் கிழக்கு வட்டாரம் விரைவில் காட்டியது. இப்ஸ்விச்–லோஸ்டாஃப்ட் இடையிலான கிழக்கு சஃபோக் பாதையை மூடும் திட்டத்துக்கு 1966இல் அமைச்சரின் இசைவு மறுக்கப்பட்டது. வட்டாரப் பொதுமேலாளர் ஜெரார்டு ஃபியன்ஸ் அங்கு ‘அடிப்படை ரயில்வே’ என்னும் கருத்தை நடைமுறைப்படுத்த முனைந்தார். நிலையங்களில் பணியாளர் நீக்கப்பட்டு, வண்டியிலேயே பயணச்சீட்டு வழங்கப்பட்டது. அப்பாதை இன்றும் இயங்குகிறது. அன்றைய செலவை மாறாத ஒன்றாகக் கொண்டு, பாதையை மட்டும் நீக்கத்தக்கதாகக் கொண்டது அறிக்கையின் முறையியல் குறைகளுள் முதன்மையானது.

5. மூன்று அளவுகோல்கள்

அறிக்கையின் உள்முரண், அதன் வெவ்வேறு பகுதிகளை அடுத்தடுத்து வைத்து வாசிக்கையில் தெளிவாகிறது.

நாட்டுப்புறப் பயணிகள் சேவைக்கு அலகு தனிப்பாதை. யார்க்–ஹல் இடையே பெவர்லி வழியாகச் சென்ற சேவை தன் இயக்கச் செலவில் ஏறத்தாழ 80 விழுக்காட்டை ஈட்டியது. இருப்பினும் சுற்றுவழி ஒன்று உண்டு என்னும் காரணத்தால் அதுவும் மூடல் பட்டியலில் இடம்பெற்றது. இங்கு, பயணிகள் மாற்றுவழியை ஏற்றுக்கொள்வர் எனக் கொள்ளப்பட்டது. இடையிலுள்ள ஊர்களுக்கு அச்சுற்றுவழி மாற்றாகாது என்பது கணக்கைப் பாதிக்கவில்லை.

சரக்குப் போக்குவரத்துக்கு அலகு வலையமைப்பு. கொள்கலன்களைச் சுமந்து நகரங்களுக்கிடையே குறித்த நேரத்தில் ஓடும் ‘லைனர் ரயில்’ திட்டத்தை அறிக்கை முன்மொழிந்தது. 1965இல் ‘ஃபிரைட்லைனர்’ என்னும் பெயரில் அது தொடங்கியது. முனையங்கள் ஒன்றோடொன்று இணைந்து இயங்கும்பொழுதே அத்திட்டம் பயன்தரும் என்பதால், முதலீட்டை முன்னரே செய்து போக்குவரத்தைப் பின்னர் ஈர்க்கலாம் என அறிக்கை ஏற்றது. தொலைநோக்குள்ள இப்பரிந்துரையின் வெற்றி மறுக்க இயலாதது. ஆனால் இத்திட்டத்தில் பகுதியின் பயனை முழுமையைக் கொண்டு மதிப்பிட்ட அறிக்கை, கிளைப்பாதைப் பயணிகளுக்கு அம்முறையை நீட்டிக்கவில்லை.

பெருநகரப் புறநகர்ச் சேவைக்கு அலகு சமூகம். ரயில் நட்டத்தில் இயங்கினாலும், அது இல்லாவிடில் சாலை நெரிசல், விபத்து, புதிய சாலைகள் என வேறிடத்தில் அதனினும் பெரிய செலவு நேரும் என்றால், நட்டத்திலும் ரயிலை இயக்குவது தகும் என்று அறிக்கையே ஒப்புக்கொள்கிறது. உடனடியாக, பெருநகரப் புறநகர்ச் சேவைகள் நீங்கலாக ஏனைய பரிந்துரைகள் எவையும் இவ்வகை ஆய்வால் மாறிவிடும் எனக் கருதவில்லை என்றும் அது கூறிவிடுகிறது. சமூகப் பயன் என்னும் அளவுகோல் அறிக்கைக்குத் தெரியாதது அன்று. தெரிந்தே, ஆய்வு நிகழ்த்தாமலே, ஒரு வாக்கியத்தால் அது நாட்டுப்புறத்துக்குப் பொருந்தாததாக ஒதுக்கப்பட்டது.

அத்தகைய ஆய்வை நிகழ்த்தும் கருவி அன்று இருந்ததா என்னும் ஐயம் எழலாம். அறிக்கை வெளியான அதே 1963இல் சி. டி. ஃபாஸ்டர், எம். ஈ. பீஸ்லி ஆகிய பொருளியலாளர்கள் இலண்டனின் விக்டோரியா சுரங்கப்பாதை குறித்த சமூகச் செலவு–பயன் பகுப்பாய்வை வெளியிட்டனர். கட்டண வருவாயால் தன் செலவை ஈட்ட இயலாத அப்பாதை, பயணிகளின் நேரச் சேமிப்பையும் சாலை நெரிசல் குறைவையும் கணக்கில் கொண்டால் சமூகத்துக்குப் பயனளிக்கும் என அவர்கள் காட்டினர். இலண்டனில் ‘இலாபமற்ற’ பாதை ஒன்று புதிதாக அமைக்கப்பட்டுக்கொண்டிருந்த ஆண்டுகளிலேயே, அதே சொல்லால் நாட்டுப்புறப் பாதைகள் பெயர்க்கப்பட்டன.

நாட்டுப்புறத்தில் சமூகப் பயன் குறைவு என்னும் அறிக்கையின் முடிவு ஒருவேளை பல பாதைகளுக்குச் சரியாகவே இருந்திருக்கலாம். ஐந்து பேர் மட்டும் பயணம் செய்த வண்டிகளுக்காக வாதிடுவது எளிதன்று. ஆயின் 1961இல் பிரிட்டனில் பத்தில் ஏழு குடும்பங்களிடம் கார் இல்லை. ரயிலை இழந்த ஊரில் பேருந்து அவ்விடத்தை நிரப்பும் என்பது அறிக்கையின் எதிர்பார்ப்பு. மாற்றாக விடப்பட்ட பேருந்துகள் பலவும் பின்னர் நிறுத்தப்பட்டன. காரில்லாதவர், முதியவர், மாணவர் ஆகியோரின் இழப்பு எந்த அட்டவணையிலும் செலவாகப் பதியப்படவில்லை. பதியப்படாத செலவு கணக்கில் இல்லை என்பதால், அது வாழ்வில் இல்லை என்றாகிவிடாது.

6. வினவ முடியாத எண்

அறிக்கையின் எண்கள் விவாதிக்கப்படுவதற்குச் சட்டத்தில் இடம் இருந்ததா என்பது அடுத்த வினா. 1962ஆம் ஆண்டுச் சட்டத்தின் 56ஆம் பிரிவின்படி, பயணிகள் சேவையை நிறுத்துவதற்கு எதிர்ப்பு எழுமாயின் அவ்வட்டாரத்தின் போக்குவரத்துப் பயனாளர் கலந்தாய்வுக் குழு விசாரணை நடத்தி அமைச்சருக்கு அறிக்கை அளிக்கவேண்டும். இறுதி முடிவு அமைச்சருடையது. ஆனால் அக்குழு ஆராயத்தக்கது பயனாளருக்கு நேரும் இன்னல் ஒன்றை மட்டுமே. வருவாய், செலவு ஆகியவற்றின் சரிபிழையை ஆராய்வதற்கு அதற்கு அதிகாரம் இல்லை.

இவ்வமைப்பின் விளைவு நுட்பமானது. ஊர்மக்கள் தம் துன்பத்தைக் கூறலாம். அத்துன்பத்துக்குக் காரணமான எண்ணை வினவலாகாது. ஒருபுறம் துல்லியமானதாகத் தோன்றும் பவுண்டுக் கணக்கு. மறுபுறம் மருத்துவமனைக்கு எவ்வாறு செல்வது, பள்ளிக்கு எவ்வாறு செல்வது என்னும் முறையீடுகள். ஒன்று அறிவாகவும் மற்றது உணர்ச்சியாகவும் வகைப்படுத்தப்பட்டன. நிலைய வருவாய் எவ்வாறு கணக்கிடப்பட்டது, தொடர்பயண வருவாய் எவ்வாறு மதிப்பிடப்பட்டது, பணியாளரைக் குறைத்தால் என்னாகும் என்னும் வினாக்களை எழுப்ப விசாரணை மன்றத்தில் இடமே இல்லை. எதிர்ப்பு இரங்கலாகச் சுருங்கியதற்கு மக்களின் இயல்பு மட்டும் காரணமன்று; சட்டம் அவர்களுக்கு விட்டுவைத்த மொழியும் அதுவே.

7. மூடலுக்குப் பின்

1964 தேர்தலில் பெரிய அளவிலான மூடல்களை நிறுத்துவதாக உறுதியளித்த தொழிற்கட்சி, ஆட்சிக்கு வந்த பின்னரும் மூடல்களைத் தொடர்ந்தது. கிரீஃப் பாதை 1964இல் மூடப்பட்டது. எடின்பரோவையும் கார்லைலையும் இணைத்த வேவர்லி பாதை 1969 ஜனவரியில் மூடப்பட்டது. 1975 அளவில் வலையமைப்பு சுமார் 12,000 மைலாகவும் 2,000 நிலையங்களாகவும் சுருங்கிவிட்டிருந்தது.

பரிந்துரைகள் முனைப்புடன் நிறைவேற்றப்பட்டால் 1970க்குள் நட்டத்தின் பெரும்பகுதி நீங்கும் என அறிக்கை எதிர்பார்த்தது. மூடல்களால் கிடைத்த சேமிப்பு ஏறத்தாழ 30 மில்லியன் பவுண்டு எனக் கணிக்கப்படுகிறது. மொத்த நட்டமோ 100 மில்லியனுக்கு மேலாகவே நீடித்தது. வரைபடத்தின் மெல்லிய கோடுகளில் போக்குவரத்து மட்டுமன்றிச் செலவும் மெலிந்தே இருந்தது என்பதை இது காட்டுகிறது. பயணிகள் குறைந்த பாதையை வெட்டினால் நட்டத்தின் பெரும்பகுதியும் வெட்டுப்படும் என்னும் எதிர்பார்ப்பு பொய்த்தது.

சட்டத்தின் போக்கும் இங்கு நோக்கத்தக்கது. போக்குவரத்து அமைச்சர் பார்பரா காசில் உருவாக்கிய 1968ஆம் ஆண்டுச் சட்டத்தின் 39ஆம் பிரிவு, வருவாய் ஈட்டாத, ஆனால் சமூகத்துக்குத் தேவையான பயணிகள் சேவைகளுக்கு அரசு மானியம் வழங்க வழிவகுத்தது. ‘இலாபமற்றது’ என்பதற்கும் ‘தேவையற்றது’ என்பதற்கும் உள்ள வேறுபாட்டைச் சட்டம் முதன்முறையாக ஏற்றது. எனினும் மானியம் ஒவ்வொரு சேவைக்கும் தனித்தனியே கணக்கிடப்பட்டது. பொதுச் செலவுகளைச் சேவைகளுக்கிடையே பங்கிடும் பழைய சிக்கல் தொடர்ந்தது. 1974ஆம் ஆண்டின் ரயில்வே சட்டம் அம்முறையைக் கைவிட்டு, பயணிகள் வலையமைப்பு முழுமைக்குமாக ஒரே மானியத்தை வழங்கியது. 1963இல் தனிப்பாதையாக இருந்த அலகு, பதினோராண்டுகளுக்குப் பின் வலையமைப்பாக மாறியது. அதற்குள் ஆயிரக்கணக்கான மைல் பாதை மறைந்துவிட்டிருந்தது.

கணக்குமுறையைத் திருத்தலாம், பாதையைத் திரும்பப் பெறுவது அரிது. மூடப்பட்ட பாதைகளின் நிலம் பல இடங்களில் விற்கப்பட்டது, பாலங்கள் இடிக்கப்பட்டன. வேவர்லி பாதையின் வடபகுதி 2015 செப்டம்பரில் எடின்பரோவிலிருந்து ட்வீட்பேங்க் வரை மீண்டும் திறக்கப்பட்டது. முதல் ஆண்டிலேயே பத்து இலட்சத்துக்கு மேற்பட்ட பயணங்கள் அதில் மேற்கொள்ளப்பட்டன. அதற்குத் தெற்கே ஹாயிக் நகரம் இன்றும் ரயிலின்றியே உள்ளது. நியூகாசில்–ஆஷிங்டன் பாதை 1964இல் பயணிகளுக்கு மூடப்பட்டு 2024 டிசம்பரில், அறுபது ஆண்டுகளுக்குப் பின், மீண்டும் திறக்கப்பட்டது. மூடப்பட்டவை அனைத்தும் மூடத்தகாதவை என்பதற்கு இவை சான்றாகா. ஒரு வாரத்தின் போக்குவரத்தையும் ஓராண்டின் வருவாயையும் கொண்டு திரும்பப் பெறவியலாத முடிவை எடுப்பதன் இடரை மட்டும் இவை உணர்த்துகின்றன.

8. முடிவுரை

பீச்சிங் அறிக்கையின் எண்கள் பொய்யானவை என்பது இக்கட்டுரையின் முடிவு அன்று. கிளைப்பாதைகள் பலவற்றில் பயணிகள் அருகியே இருந்தனர்; எல்லாப் பாதைகளையும் என்றென்றும் இயக்கியிருக்க இயலாது. அறிக்கையின் குறை அதன் எண்களில் அன்றி, அவ்வெண்களுக்கு அலகு தேர்ந்த முறையில் உள்ளது. சரக்குக்கு வலையமைப்பையும், பெருநகருக்குச் சமூகத்தையும், நாட்டுப்புறத்துக்குத் தனிப்பாதையையும் அது அலகாகக் கொண்டது. இவ்வேறுபாட்டுக்கு அது காரணம் காட்டவில்லை. அலகு தேர்வு ஓர் அரசியல் முடிவு. அது கணக்கியலின் தோற்றத்தில் வந்தமையால் அரசியலாக விவாதிக்கப்படவில்லை. இன்னலை மட்டும் கேட்கும் விசாரணை முறை அவ்விவாதத்துக்கான வாயிலையும் அடைத்தது.

சிறிய பள்ளி, கிளை நூலகம், கிளை அஞ்சலகம் எனப் பொதுச் சேவைகள் எவற்றின் மீதும் இதே சொல் இன்று பயன்படுத்தப்படுகிறது. ஒரு சேவை இலாபமற்றது எனப்படும்பொழுது எழுப்பத்தக்க முதல் வினா, எவ்வளவு நட்டம் என்பதன்று. எதனை எதிலிருந்து பிரித்துக் கணக்கிட்டனர், அவ்வாறு பிரித்தவர் யார், அப்பிரிவினையை வினவும் உரிமை யாருக்கு இருந்தது என்பனவே அவ்வினாக்கள். கிளெனீகிள்ஸ் பாதையின் கணக்கில் இவற்றுக்குரிய விடைகள் அறிக்கையிலேயே அச்சிடப்பட்டிருந்தன. அவற்றை வேறு வரிசையில் வாசிப்பதற்கான மன்றம் மட்டுமே அன்று இல்லாதிருந்தது.